12 வோல்ட் எப்படி கிரவுண்டு ஆகும்?

அன்புள்ள சார்,

கடலூரில் டிப்ளமோ படிக்கிறேன். டிரான்சிஸ்டர் ஆம்ப்ளிஃபயர் பாடத்தில் டிசி வரைக்கும் புரிகிறது. ஏசி அனாலிசிஸ் என்றதும் 12 வோல்ட் சப்ளையைக் கிரவுண்டோடு சேர்த்து வரைகிறார்கள். ஷார்ட் ஆகாதா? கணக்குகளில் பீட்டா (பேஸ் கரண்ட்டைப் போல கலெக்டர் கரண்ட் எத்தனை மடங்கு என்பது) 100 என்று இருக்கிறது. லாரன்ஸ் ரோட்டில் வாங்கிய பிசி 547 டிரான்சிஸ்டரை மீட்டரில் போட்டால் 290 காட்டுகிறது. எதை எடுத்துக்கொள்வது?

ர., திருப்பாதிரிப்புலியூர்

அன்புள்ள ர.,

நிஜமாகச் சேர்த்தால் ஷார்ட்தான். போர்டில் செய்து பார்த்துவிடாதீர்கள். ஏசி அனாலிசிஸில் நாம் கேட்பது ஒன்றுதான்: சிக்னல் வரும்போது இந்த இடத்தில் வோல்டேஜ் எவ்வளவு ஆடுகிறது? பேஸ் 5 மில்லிவோல்ட் ஏறினால் கலெக்டர் ஒரு வோல்ட் அளவுக்கு இறங்கும். சப்ளையோ 12-லேயே நிற்கும். கிரவுண்டும் ஆடாது. ஆட்டமே இல்லாத இரண்டு இடங்களும் சிக்னலுக்கு ஒன்றுதான். புத்தகங்கள் இதை ஒரே வரியில் தாண்டிப் போவதுதான் எனக்குப் பிடிக்காத விஷயம்.

அப்புறம் பீட்டா. மீட்டர் சொல்வது சரி, ஆனால் அதை நம்பி சர்க்யூட் போடக் கூடாது. பிசி 547-க்கு டேட்டாஷீட்டே 110 முதல் 800 வரை என்கிறது. அதற்காகத்தான் பேஸில் இரண்டு ரெசிஸ்டர். மேலே 47 கே, கீழே 10 கே போட்டால் பேஸில் சுமார் 2.1 வோல்ட். பேஸுக்கும் எமிட்டருக்கும் நடுவே விழும் 0.7 போக எமிட்டரில் 1.4. எமிட்டர் ரெசிஸ்டர் 1 கே என்றால் கரண்ட் 1.4 மில்லிஆம்பியர். இதில் பீட்டா எங்காவது வந்ததா? கலெக்டரில் 3.3 கே போட்டால் அதில் 4.6 வோல்ட் விழுந்து மீதி 7.4 நிற்கும். மீட்டரை வைத்துப் பாருங்கள், பக்கத்தில் வரும். (வராவிட்டால் முதலில் ரெசிஸ்டர் கால்களைத் துடையுங்கள். நம் ஊர் உப்புக்காற்றில் அவை கறுத்துப்போகும்.)

ஏசி கணக்கு இந்த 1.4-இல்தான் தொடங்குகிறது. அறை வெப்பநிலையில் டிரான்சிஸ்டருக்கு எடுத்துக்கொள்ளும் 25 மில்லிவோல்ட்டை அந்த 1.4 மில்லிஆம்பியரால் வகுத்தால் 18 ஓம். எமிட்டரின் உள் ரெசிஸ்டன்ஸ் அது. 3,300-ஐ 18-ஆல் வகுத்தால் கெயின், அதாவது சிக்னல் பெரிதாகும் மடங்கு, 180-ஐ ஒட்டி வரும். இது எமிட்டர் ரெசிஸ்டருக்கு இணையாகக் கெப்பாசிட்டர் இருக்கும்போது; அதைக் கழற்றினால் அந்த 1 கே-யும் கணக்கில் சேர்ந்து, கெயின் மூன்று சொச்சத்துக்கு விழும். டிசி-யைத் தப்பாகப் போட்டவருக்கு ஏசி-யும் தப்புதான்.

தேர்வில் எச் பாராமீட்டர் கேட்டாலும் பயம் வேண்டாம். எச்எஃப்இ உங்கள் பீட்டாதான். எச்ஐஇ என்பது பேஸ் பக்கத்திலிருந்து தெரியும் ரெசிஸ்டன்ஸ், அந்த 18 ஓமைப் பீட்டாவால் பெருக்கியது; உங்கள் 290-க்கு சுமார் 5,200 ஓம்.