சாலொமோன் ஆலய மாதிரி: சுற்றறைக் கணக்கு

ஐயா,
ஞாயிறு பள்ளிக்காக சாலொமோன் ஆலயத்தை 1:50 அளவில் தெர்மாகோலில் செய்கிறோம். இஸ்ரேல் அருங்காட்சியகத்து மாதிரியின் படத்தைப் பார்த்து முகப்பை வரைந்தாகிவிட்டது. ஆலயச் சுவரை ஒட்டி மூன்று தளமாக வரும் சுற்றறைகள்தான் உதைக்கின்றன. அகலம் கீழ்த்தளத்தில் 5 முழம், நடுத்தளத்தில் 6, மேல்தளத்தில் 7. வெளிச்சுவரைத் துருத்தவிட்டால் கவிழ்கிறது. என்ன செய்வது?
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

முதலில் முகப்பை அழித்துவிடுங்கள். அது ஏரோது கட்டிய ஆலயத்தின் முகப்பு; தொல்லியலாளர் அவி-யோனா வடிவமைத்து 1966இல் திறந்த மாதிரி. அதுவும் 1:50 என்பதால் ஏமாந்திருக்கிறீர்கள். ஏரோதின் ஆலயம் 100 முழ உயரம் என்கிறது யூதர்களின் பழைய சட்டத் தொகுப்பான மிஷ்னா. சாலொமோனுடையது 30தான்.

வெளிச்சுவர் செங்குத்தாகவே நிற்கட்டும். மெலிய வேண்டியது ஆலயச் சுவர். உத்திரங்கள் அதைத் துளைக்கக் கூடாது (1 இராஜாக்கள் 6:6). அதனால் தளத்துக்கு ஒரு முழம் சுவர் உள்வாங்கி, வெளிப்பக்கம் படி விடுகிறது. படியில் உத்திரம் உட்காரும், அறையும் ஒரு முழம் அகலும்.

முழம் 45 செ.மீ. என்றால் மாதிரியில் 9 மி.மீ. சுவரின் கனத்துக்கு எசேக்கியேல் 41:5 தரும் 6 முழத்தைக் கடன் வாங்கிக்கொள்ளலாம், 54 மி.மீ. ஆகிறது. 27 மி.மீ. கனத்தில் முழு உயரச் சுவர் ஒன்று. அதன் வெளிப்பக்கம் 9 மி.மீ. தாள்கள் மூன்று: 135 மி.மீ. உயரமுள்ளது முதலில், அதன்மேல் 90, கடைசியில் 45. தளத்துக்கு 5 முழ உயரம், அதுதான் கணக்கு. உச்சிப் படி கூரை உத்திரத்துக்கு. அதை விட்டால் கடைசியில் சுவரைத் துளைத்துத்தான் தீர வேண்டும். 10 மி.மீ. தாளை வாங்கிவிடாதீர்கள், மூன்று அடுக்கில் 3 மி.மீ. பிசகும். 3 மி.மீ. தாள்களை மும்மூன்றாக ஒட்டுங்கள்.

ஆலயத்தின் 60க்கு 20 முழம் என்பது உள்ளளவு. வெளிச்சுவருக்கு 5 முழக் கனம் (எசேக்கியேல் 41:9) வைத்து, சுவர்களும் அறைகளும் சேர்ந்தால் அகலமே 47 செ.மீ. வரும், அடிப்பலகை ஒரு மீட்டர் நீளமாவது இருக்கட்டும்.

ஆலயத்தின் உள்ளறையான மகா பரிசுத்த ஸ்தலத்தின் உயரம் 20 முழம்தான். மீதி 10 முழத்துக்குத் தரையை உயர்த்துகிறவர்கள் உண்டு. நாலரை மீட்டர் ஏறப் படிக்கட்டு வேண்டாமா? வேதாகமம் அங்கே ஒரு படிகூடச் சொல்லவில்லை. கூரையைத் தாழ்த்தி, மேலே வெற்றிடம் விடுங்கள்.

முகப்பில் நிற்கும் யாகீன், போவாஸ் என்ற இரு வெண்கலத் தூண்களின் சுற்றளவு 12 முழம்; மாதிரியில் குறுக்களவு 34 மி.மீ. 32 மி.மீ. பிவிசி குழாயில் தாள் சுற்றினால் சரியாக வரும். உயரம் 16.2 செ.மீ., மேலே கும்பம் 4.5. வெண்கல நிற ஸ்ப்ரேயைத் தூணில் தனியாக அடித்து, நன்றாகக் காய்ந்தபின் நாட்டுங்கள். தெர்மாகோலில் பட்டால் சுவர் கரைந்துவிடும்.