எப்போதும் எனக்கு அப்பா வேடம்தானா?

கேள்வி: எனக்கு வயது 42. ஓய்வு நேரத்தில் ஒரு நாடகக் குழுவில் நடிக்கிறேன். வழுக்கைத் தலை, கனத்த குரல். அதனால் அப்பா, இன்ஸ்பெக்டர், மேனேஜர் என்றே வேடங்கள் வருகின்றன. ‘விப்லாஷ்’ படத்தில் இசை ஆசிரியராக மிரட்டிய ஜே.கே. சிம்மன்ஸ் 60 வயதில்தான் ஆஸ்கர் வாங்கினார் என்கிறார்கள். அதுவரை எப்படித் தாக்குப்பிடித்தார்? சின்ன வேடங்களை மறுத்துவிட்டு நானும் காத்திருக்கலாமா?

பதில்: காத்திருக்காதீர்கள். சிம்மன்ஸ் காத்திருந்தவர் இல்லை. மொன்டானா பல்கலைக்கழகத்தில் இசை படித்தவர், பாடத் தெரிந்தவர். அந்தக் குரலை வைத்துக்கொண்டு மேடைக்குப் போய், நியூயார்க்கின் நாடக அரங்குப் பகுதியான பிராட்வேயில் இசை நாடகங்களில் துணை வேடங்கள் செய்தார். இப்போது உங்களுக்கு இருக்கும் அதே 42 வயதில், 1997இல்தான், சிறைச்சாலைத் தொடரான ‘ஓஸ்’ அவருக்குக் கிடைத்தது. அதில் நாஜி வெறி பிடித்த கைதி ஷிலிங்கர். பார்ப்பவர் வயிற்றைக் கலக்கும் வேடம்.

இங்கேதான் நீங்கள் கவனிக்க வேண்டும். அப்படி ஒரு வேடம் ஒட்டிக்கொண்டால் காலம் முழுக்க அதையேதான் தருவார்கள். ஆனால் அதே ஆண்டுகளில் ‘லா அண்ட் ஆர்டர்’ தொடரில் அவர் ஸ்கோடா என்ற மனநல மருத்துவராகவும் வந்துகொண்டிருந்தார். நிதானமானவர், குற்றவாளியின் மனதை அளந்து பேசுபவர். ஒரு சேனலில் கொடூரன், இன்னொன்றில் மருத்துவர். தலையும் குரலும் அதேதான். இவர் எது கொடுத்தாலும் செய்வார் என்பதற்கு வேறு சிபாரிசு வேண்டுமா?

அப்புறம் அப்பா வேடம். ஷிலிங்கரும் பிள்ளைகள் உள்ள அப்பாதான். 2007இல் வந்த ‘ஜூனோ’வில் இருப்பவரும் அப்பாதான், ஏசி, ஹீட்டர் ரிப்பேர் செய்பவர். பதினாறு வயது மகள் கர்ப்பமாக இருப்பதாகச் சொல்கிறாள். வேறு யாராவது இருந்தால் கத்தியிருப்பார்கள். இவருக்கு ஏமாற்றம் இருக்கிறது, ஆனாலும் மகள் பக்கம் இருந்து நகரவே மாட்டார். என்னைக் கேட்டால், ஆஸ்கர் வாங்கிய நடிப்பைவிட இது கடினம். கோபத்தைக் காட்ட உடம்பு முழுக்க உதவும். அன்பை அடக்கிக் காட்டும்போது கண்ணும் குரலும் மட்டும்தான் துணை. ‘அப்பா வேடம்’ என்று நீங்கள் ஒரே பெட்டியில் போடுவதற்குள் இவ்வளவு இடம் இருக்கிறது.

வேடத்தின் அளவு பற்றியும் கேட்டிருக்கிறீர்கள். 2008இல் கோயன் சகோதரர்கள் எடுத்த ‘பர்ன் ஆஃப்டர் ரீடிங்’ பாருங்கள். சிம்மன்ஸ் அமெரிக்க உளவுத் துறையான சிஐஏவின் மேலதிகாரி. கதாபாத்திரத்துக்குப் பெயர்கூடக் கிடையாது. இரண்டே காட்சி, மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து, நடந்த குளறுபடிகளைக் கீழ் அதிகாரி சொல்லச் சொல்லக் கேட்கிறார், அவ்வளவுதான். கேட்பதை எப்படி நடிப்பது என்று அந்தக் காட்சிகளில் படிக்கலாம். எதிரில் இருப்பவர் பேசும்போது நம் முகம் சும்மா இருந்துவிடுகிறது; மேடையில் பலரும் கோட்டை விடுவது அங்கேதான்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சின்ன வேடத்தை ஒழுங்காகச் செய்தவரை இயக்குநர்கள் மறப்பதில்லை. சாம் ரெய்மி தன் இரண்டு படங்களில் இவரைப் பயன்படுத்திப் பார்த்த பிறகுதான் 2002இல் ‘ஸ்பைடர்-மேன்’ படத்தின் கத்தும் பத்திரிகை ஆசிரியர் வேடத்தைக் கொடுத்தார். ‘விப்லாஷ்’கூட முதலில் ஒரு குறும்படம். பெரிய படத்துக்குப் பணம் திரட்டுவதற்காக எடுத்த அந்தக் குறும்படத்திலும் இசை ஆசிரியர் ஃப்ளெச்சராக நடித்தது இவர்தான். பெரிய படத்தைப் 19 நாட்களில் எடுத்து முடித்தார்கள். மொன்டானாவில் படித்த இசை அங்கே கைகொடுத்தது. இசைக்குழுவை நடத்தும் அவர் கை அசைவில் பொய் தெரியாததற்கு அதுதான் காரணம்.

உங்களுக்கு வருவோம். அடுத்த நாடகத்திலும் அப்பா வேடம் தந்தால் சரி என்று வாங்கிக்கொள்ளுங்கள். கூடவே இயக்குநரிடம், அதே நாடகத்திலோ அடுத்ததிலோ, அதற்கு நேர்மாறான ஒரு துண்டு வேடம் கேளுங்கள். யார் அதட்டினாலும் நடுங்குகிற குமாஸ்தா, கடன் கேட்க வந்து கேட்காமலே திரும்புகிற ஆள், எதுவானாலும் சரி. இரண்டு நிமிடம் போதும். ஒட்டு மீசை வேண்டாம், விக் வேண்டாம், அந்த வழுக்கையோடும் கனத்த குரலோடுமே செய்யுங்கள்.