34 வயதுக்கு அப்புறம் என்ன? கிரிலென்கோவை வைத்தே பார்ப்போம்

சார், பையன் பத்தாவது முடிக்கப்போகிறான், கூடைப்பந்துதான் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான், ரஷ்ய வீரர் ஆந்திரேய் கிரிலென்கோவின் பழைய ஆட்டங்களை ராத்திரியெல்லாம் பார்க்கிறான் என்று எழுதியிருந்தீர்கள். நல்ல ஆளைத்தான் பிடித்திருக்கிறான். ஆடி முடித்த பிறகு இவன் என்ன செய்வான் என்ற உங்கள் கேள்விக்கும் அவரிடமே பதில் இருக்கிறது.

1981-ல் இஷெவ்ஸ்கில் பிறந்தவர். ஏகே-47 துப்பாக்கிக்குப் பேர்போன ஊர், அவர் பெயரின் ஆங்கில முதலெழுத்துகளும் ஏ.கே.தான்; அதனால்தான் ஏகே-47 என்ற பட்டப்பெயரும் 47ஆம் எண் சட்டையும். 15 வயதில் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் ஸ்பார்டக்கில் ஆடத் தொடங்கி, பிறகு மாஸ்கோவின் சிஎஸ்கேஏ அணிக்குப் போனார். 1999-ல் அமெரிக்காவின் பெரிய தொழில்முறை லீக்கான என்பிஏவின் புது வீரர் தேர்வில் யூட்டா ஜாஸ் அணி அவரை 24ஆவது ஆளாக எடுத்தபோது வயது 18தான். உங்கள் பையனாக இருந்தால் அன்றைக்கே பெட்டி கட்டியிருப்பான். அவரோ இன்னும் இரண்டு சீசன் மாஸ்கோவிலேயே பெரியவர்களோடு மோதிவிட்டு 2001-ல்தான் அமெரிக்கா போனார்.

போன இடத்தில் என்ன செய்தார் என்பதைப் பையனோடு உட்கார்ந்து பாருங்கள். 2006 ஜனவரியில் லேக்கர்ஸ் அணிக்கு எதிரான ஆட்டம்: 14 புள்ளி, 8 ரீபவுண்ட் (கூடையில் விழாமல் திரும்பும் பந்தைப் பிடிப்பது), 9 அசிஸ்ட் (சக வீரர் கூடை போட உதவும் பாஸ்), 6 ஸ்டீல் (எதிரணியிடமிருந்து பந்தைப் பறிப்பது), 7 பிளாக் (எறிகிற பந்தைத் தடுப்பது). 14 புள்ளி பெரிய விஷயமே இல்லை, ஆனால் ஐந்து கட்டத்திலும் ஐந்துக்குக் குறையாமல் நிரப்புவது அபூர்வம். 2004-ல் ஆறு வருடத்துக்கு 86 மில்லியன் டாலர் ஒப்பந்தம் கிடைத்தது இந்த மாதிரி வேலைக்குத்தான். கூடையில் போடுகிறவனை எல்லா ஊரிலும் பார்க்கலாம், தடுக்கிறவன்தான் கிடைக்கமாட்டான்.

ஆனால் பணம் வந்ததும் எல்லாம் சரியாகிவிடவில்லை. 2007-ல் பிளேஆஃப் என்கிற கடைசிக்கட்ட நாக்அவுட் சுற்று சமயத்தில் அணியில் தன் பங்கு சுருங்கிப்போனதால் மனம் உடைந்து அழுதார், அதுவும் செய்தியானது. அதே வருடம் செப்டம்பரில், மாட்ரிட்டில் ஸ்பெயினை அதன் சொந்த மண்ணிலேயே 60-59 என்று வீழ்த்தி ரஷ்யா ஐரோப்பியக் கோப்பையை வென்றது. தொடரின் சிறந்த வீரர் இவர்தான். இடையில் சிஎஸ்கேஏவுக்குத் திரும்பி ஆடியபோது 2012-ல் ஐரோப்பிய கிளப் போட்டியான யூரோலீக்கின் சிறந்த வீரர், லண்டன் ஒலிம்பிக் வெண்கலம். 2013-ல் என்பிஏவின் மினசோட்டா அணியில் கையில் இருந்த 10 மில்லியன் டாலரை வேண்டாம் என்று விட்டுவிட்டு புரூக்ளின் அணிக்குச் சுமார் 3 மில்லியனுக்குப் போனார். அங்கே முதுகுவலி படுத்தியது. கடைசியில் சிஎஸ்கேஏவுக்கே திரும்பி, 2015 ஜூனில் ஓய்வு. வயது 34.

உங்கள் பயமே இந்த இடம்தானே? இரண்டே மாதத்தில் ரஷ்யக் கூடைப்பந்து சம்மேளனத்தின் தலைவரானார். உட்பூசலால் உலக அமைப்பான ஃபீபா அந்தச் சம்மேளனத்தை இடைநீக்கம் செய்திருந்த நேரம், சுகமான நாற்காலி இல்லை. ஆனால் இரண்டு நாட்டு அணிகளையும் உள்ளிருந்து பார்த்தவர், ஆங்கிலமும் பேசுவார், தேசிய அணியில் பெயரும் இருந்தது.

ஆறடி ஒன்பது அங்குலம் எல்லாருக்கும் அமையாது என்பது பையனுக்கும் தெரிந்திருக்கும். அதனால் பயிற்சியாளரிடம் போய், பந்து கையில் இல்லாதபோது இவன் என்ன செய்கிறான் என்று கேளுங்கள். பதில் தெளிவாக வந்தால் தொடரட்டும். பிளஸ் டூவை மட்டும் விடவேண்டாம். மாநில அளவிலான சான்றிதழ்களைப் பத்திரமாக வைத்தால் கல்லூரி விளையாட்டு ஒதுக்கீட்டுக்கும், பிறகு ரயில்வே, வங்கி அணிகளுக்கும் உதவும். முழங்காலையும் முதுகையும் இப்போதே ஒரு விளையாட்டு மருத்துவரிடம் காட்டிவிடுங்கள். அப்புறம், ராத்திரி வீடியோவைப் பத்து மணிக்கு நிறுத்தச் சொல்லுங்கள்.