பதில்: தீவுக்குத் தீவு நேரம் மாறினால் வாசகர் குழம்புகிறார்களே?

தம்பி, உங்கள் கதையில் கீழக்கரைக்கு எதிரே கற்பனையாக ஏழு தீவு வைத்து, ஒவ்வொன்றிலும் ஒரு நேரக்கணக்கு என்று எழுதியிருக்கிறீர்கள். குழப்பம் அங்கேதான். எல்லாத் தீவுக்கும் ஒரே விதி போதும்: அங்கே ஒரு ராத்திரி, கரையில் பதினைந்து நாள்.

நாள் போனதை யாரும் வாயால் சொல்ல வேண்டாம். அமாவாசை இருட்டில் தீவுக்குப் போன மீனவர் மறுநாள் திரும்பும்போது முழுநிலா நிற்கட்டும். பெட்டியில் போட்ட ஐஸ் பாதிகூடக் கரையவில்லை, மீனின் செவுள் இன்னும் சிவப்பு. ஆனால் அவர் விசைப்படகு ஏப்ரல் 5 கிளம்பியது. கரையில் இப்போது ஏப்ரல் 20. நம் கடலில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுக்குத் தடைக்காலம். எல்லாப் படகும் கட்டிக் கிடக்க, இவர் மட்டும் மீனோடு வருகிறார். அதிகாரிகளிடம் என்ன சொல்வார்? கதை அங்கேதான் சூடு பிடிக்கும், அதை விட்டுவிடாதீர்கள்.

தீவு மறைவதையும் வைத்துக்கொள்ளலாம். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளில் விலாங்குசல்லி, பூவரசன்பட்டி இரண்டும் நிஜமாகவே மூழ்கியவை. பவளப்பாறையை வெட்டி எடுத்ததும் அதற்கு ஒரு காரணம். இரண்டாம் அத்தியாயத்தைத் திருத்தியதும் இங்கே போடுங்கள், படித்துச் சொல்கிறேன்.