தூத்துக்குடி செய்திகளை ஒப்பிடுவது பற்றி

வணக்கம் தம்பி. 2018 மே 22 அன்று தூத்துக்குடியில் ஸ்டெர்லைட் தாமிர ஆலைக்கு எதிராகப் போராடியவர்கள் மேல் போலீஸ் நடத்திய துப்பாக்கிச்சூடு பற்றி ப்ராஜெக்ட் செய்வதாகவும், ஒரு டிவி கிளிப்பில் ‘வன்முறைக் கும்பல்’, இன்னொன்றில் ‘அப்பாவி மக்கள்’ என்று வருவதால் எதை நம்புவதென்று தெரியவில்லை என்றும் கேட்டிருந்தீர்கள்.

எந்த சேனல் எந்தக் கட்சி என்று தேடி நேரத்தை வீணாக்காதீர்கள். ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில், அதைச் சொன்னது யார் என்று எழுதுங்கள். ‘கூட்டம் கட்டுக்கடங்காததால் சுட நேர்ந்தது’ என்பது போலீஸ் தரப்பு. ஆனால் செய்தியில் பல நேரம் அந்தத் தரப்பின் பெயரே இருக்காது, நேரில் பார்த்த உண்மை மாதிரி வாசிப்பார்கள். எனக்கு இதில்தான் கோபம் வரும். 13 உயிர் போன விஷயம் இது.

அடுத்து, சாதாரண உடையில் ஒரு போலீஸ்காரர் வேன் மேல் ஏறித் துப்பாக்கியால் குறிபார்க்கும் காட்சி. அது எத்தனை மணிக்கு ஒளிபரப்பானது, அதற்குப் பிறகு அதே சேனலின் தலைப்பு மாறியதா என்று பாருங்கள். மறுநாளே தூத்துக்குடி, நெல்லை, குமரி மாவட்டங்களில் இணையத்தை முடக்கினார்கள். ஊர்க்காரர்களின் செல்போன் வீடியோ வெளியே வருவது அதோடு கஷ்டமாகிவிட்டது. இதையும் காலவரிசையில் சேருங்கள்.

கடைசியாக, இந்தத் துப்பாக்கிச்சூட்டை விசாரித்த நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணைய அறிக்கையைப் படியுங்கள். 2022 அக்டோபரில் சட்டமன்றத்தில் வைத்தார்கள். தப்பி ஓடியவர்களையும் சுட்டதாக அதில் இருக்கிறது. முதல் நாள் போலீஸ் சொன்னதை அப்படியே போட்டவர்கள் இதற்கு எவ்வளவு இடம் கொடுத்தார்கள் என்று கணக்கெடுத்தால், அதுவே உங்களுக்கு ஒரு தனி அத்தியாயம்.