பாலைவனத்துப் பாறைத் தோரணங்கள்: செதுக்கியது காற்றா, நீரா?

கேள்வி: ஐயா, நாங்கள் ஆந்திராவில் நகரிக்கு அருகிலுள்ள புத்தூரில் வசிக்கும் ஓய்வுபெற்ற ஆசிரியத் தம்பதியர். ஆகஸ்டு மாதம் எங்கள் மகன் அமெரிக்காவின் யூட்டா மாநிலத்திலுள்ள ஆர்ச்சஸ், கேன்யன்லேண்ட்ஸ் தேசியப் பூங்காக்களுக்கு எங்களை அழைத்துச் செல்ல இருக்கிறான். மழையே அரிதான இடத்தில் பாறை எப்படி நடுவில் துளைபட்ட வளைவாக, அதாவது தோரணமாகவும், ஆழ்ந்த பள்ளத்தாக்காகவும் ஆனது? காற்றின் வேலையா? நம் திருமலையிலுள்ள இயற்கைப் பாறை வளைவான சிலாதோரணமும் இவ்வாறு உருவானதுதானா? அறுபதைக் கடந்த நாங்கள் அங்கே எதில் கவனமாக இருக்க வேண்டும்?

பதில்: காற்று என்ற எண்ணத்தை முதலில் விட்டுவிடுங்கள். நானும் பள்ளித் தேர்வில் காற்று என்று எழுதி மதிப்பெண் வாங்கியவன்தான். அங்கே காற்று பெருக்கித் தள்ளும் வேலையை மட்டுமே செய்கிறது. உடைப்பதும் கரைப்பதும் அடித்துக்கொண்டு போவதும் நீர். நம் நகரி மலைப்பக்கம் மழை பெய்தால் புதரும் வேரும் மண்ணும் அதன் வேகத்தை வாங்கிக்கொள்கின்றன. அங்கோ பெரும்பகுதி மொட்டைப் பாறை. ஆண்டு முழுவதும் சேர்த்தாலும் ஏறத்தாழ ஒரு சாண் உயரமே வரும் மழை, இடியுடன் ஒரு மணி நேரம் கொட்டும்போது, தளர்ந்து கிடக்கும் மணலையெல்லாம் வாரிக்கொண்டு ஓடிவிடுகிறது.

ஆர்ச்சஸ் தோரணங்களின் கதை உப்பில் தொடங்குகிறது. ஏறத்தாழ 30 கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே கடல் பலமுறை புகுந்து வற்றியதில் மிகக் கனமான உப்புப் படுகை உருவானது. பிற்காலத்தில் அதன்மேல் மணலும் களிமண்ணும் அடுக்கடுக்காகப் படிந்து பாறையாயின. மேலிருந்து பாரம் அழுத்தினால் உப்பு பிசைந்த மாவைப்போல் மெல்ல நகரும். அது நகர்ந்து சில இடங்களில் புடைத்தெழுந்தபோது, மேலே கிடந்த மணற்கல் வளைந்து, ஒன்றுக்கொன்று இணையான செங்குத்து விரிசல்களாகப் பிளந்தது. அந்த விரிசல்களை நீர் அகலப்படுத்தியதால், இடையில் இருந்த பாறை வரிசையாக நிறுத்திய பலகைகளைப்போல் மெல்லிய சுவர்களாக எஞ்சியது.

இனி அந்தச் சுவர் எப்படித் துளைபடுகிறது என்பதை அருகில் சென்று பார்க்கலாம். நடைபாதை ஓரத்தில் உதிர்ந்து கிடக்கும் மணற்கல் துண்டு ஒன்றைக் கட்டைவிரலால் தேய்த்தால் சிவந்த மணல் ரவைபோல் உதிரும். அம்மணலைப் பெரும்பாலும் ஒட்டிவைத்திருப்பது சுண்ணாம்புச் சத்து. காற்றிலுள்ள கரியமில வாயு கலந்து இலேசான அமிலமாகிவிட்ட மழைநீர் அச்சுண்ணாம்பைக் கரைக்கிறது. சுவரின் அடிப்பகுதியில், கடினப் பாறையும் மென்பாறையும் சேரும் இடத்தில், ஈரம் நெடுநேரம் தங்கும். குளிர்கால இரவுகளில் அந்த ஈரம் உறைந்து, தன் கனஅளவில் 9 விழுக்காடு பெருத்து, பாறையைச் சில்லுசில்லாகப் பெயர்க்கிறது. குழி குகையாகி, குகை மறுபுறம் திறந்துகொண்டால் அதுவே தோரணம். இப்படி 2,000-க்கும் மேற்பட்டவை அப்பூங்காவில் உள்ளன.

சிலாதோரணத்திலும் நீரின் கைதான். ஆனால் கல் வேறு. நகரி மூக்கு மலையில் நாம் பார்க்கும் அதே குவார்ட்சைட் என்னும் மிகக் கடினமான பாறை வகை அது. அதில் மணலை மணலோடு பிணைத்திருப்பது சுண்ணாம்பன்று, சிலிகா என்னும் கடினமான கனிமப் பொருள். மழைநீரால் அதை எளிதில் கரைக்க முடியாது. ஆகவே அடுக்குகளின் இடைவெளியிலும் விரிசலிலும் புகுந்த நீர், வலுக்குறைந்த அடிப்பகுதியைக் கட்டிகட்டியாகக் கழற்றிவிட்டது. வயதிலும் நம்முடையது மூத்தது: யூட்டா தோரணப் பாறை ஏறத்தாழ 16 கோடி ஆண்டுப் பழமை என்றால், இது 150 கோடி ஆண்டுகளுக்கும் மேற்பட்டது. அளவில்தான் சிறியது. சிலாதோரணத்தின் அகலம் சுமார் 8 மீட்டர். அங்குள்ள லேண்ட்ஸ்கேப் தோரணத்தின் நீளம் 90 மீட்டரை நெருங்குகிறது.

கேன்யன்லேண்ட்ஸ் பள்ளத்தாக்கை அறுத்தவை கொலராடோ, கிரீன் என்னும் இரு ஆறுகள். நிலம் மெல்ல உயர, ஆறு கீழ்நோக்கி அறுத்துக்கொண்டே போயிற்று. ஆறு ஆழத்தை மட்டுமே தருகிறது. அகலம் பக்கச் சுவர்கள் சரிவதால் வருகிறது. கடின அடுக்கு செங்குத்தாக நிற்கும், மென்மையான அடுக்கு சரிவாகும். அதனால்தான் அந்தச் சுவர்கள் படிக்கட்டுப்போல் தெரிகின்றன. இதற்கு மாறாக, நம் பக்கத்தில் கடப்பை மாவட்டத்துக் கண்டிகோட்டாவில் வட பெண்ணையாறு கடினமான குவார்ட்சைட்டை அறுத்திருப்பதால் கரைகள் நெருங்கிச் செங்குத்தாக நிற்கின்றன.

உங்கள் பாதுகாப்புக்கும் இதே விவரங்கள்தான் உதவும். பள்ளத்தாக்கின் விளிம்பில் கடின அடுக்கு கூரைபோல் நீட்டிக்கொண்டிருக்க, அடியில் மென்பாறை அரிபட்டுப் போயிருக்கலாம். பல இடங்களில் தடுப்புக் கம்பியும் கிடையாது. படம் எடுப்பதற்காக விளிம்புக்குப் போகாதீர்கள். தோரணங்களும் நிலையானவை அல்ல: 1991-இல் லேண்ட்ஸ்கேப் தோரணத்திலிருந்து பெரும் பாளம் ஒன்று விழுந்ததால் அதன் அடியில் சென்ற பாதை மூடப்பட்டது; 2008 ஆகஸ்டில் வால் ஆர்ச் என்னும் தோரணம் ஓரிரவில் இடிந்து விழுந்தது.

ஆகஸ்டு அங்கே இடிமழைக் காலம். வறண்ட நகரி ஆற்றில் மேல்பக்கத்து மழையால் திடீரென்று தண்ணீர் வருவதை நீங்கள் பார்த்திருப்பீர்கள்; அங்கே அது குறுகிய பாறை இடுக்குகளில், இன்னும் வேகமாக வரும். தொலைவில் கார்மேகம் தெரிந்தால் வறண்ட ஓடைக்குள் இறங்க வேண்டாம். வெயிலும் கடுமையானது, ஒருவருக்கு நாளொன்றுக்கு 4 லிட்டர் தண்ணீர் கையில் இருக்கட்டும். ஆர்ச்சஸ் பூங்காவின் டெலிகேட் ஆர்ச் என்னும் தோரணம் வரை போய்வர நிழலே இல்லாத ஏறத்தாழ 5 கிலோமீட்டர் ஏற்றமும் இறக்கமும் நடக்க வேண்டும். முழங்கால் ஒத்துழைக்காது என்றால் கீழேயுள்ள பார்வையிடத்திலிருந்து அதைப் பார்த்துவிட்டு, நடை குறைவான, தோரணங்கள் அருகருகே இருக்கும் விண்டோஸ் என்னும் பகுதிக்குப் போவது நல்லது. என் கணக்கில் அதில் நட்டம் ஒன்றுமில்லை.

பாதைக்கு வெளியே மண்மேல் கருத்த, முடிச்சு முடிச்சான பொருக்கு தெரியும். அது நுண்ணுயிர்கள் மணலைப் பிணைத்துக் கட்டிய உயிருள்ள தோல். ஒருமுறை மிதித்தால் தேறுவதற்குப் பல்லாண்டுகள் ஆகும். நீங்கள் தேய்த்துப் பார்த்த கல்லையும் அங்கேயே வைத்துவிடுங்கள். தேசியப் பூங்காவிலிருந்து ஒரு கூழாங்கல்லைக்கூட எடுத்துவரச் சட்டம் இடம் தராது.