டிவி புகழில் வந்த பணம்: வீடு வாங்கலாமா, ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி: நான் மதுரைக்காரி. ப்ரூக்ளினில் இருக்கிறோம். மருத்துவமனை லேபில் வேலை, வருடச் சம்பளம் 82,000 டாலர். என் கணவர் இங்கேயே ஈஸ்ட் ஃப்ளாட்புஷ்ஷில் பிறந்து வளர்ந்தவர். அவருடைய அம்மா டிரினிடாட், அப்பா கிரெனடா. சோகா பாடகர் (டிரினிடாடில் பிறந்த கார்னிவல் இசை). 2024 கடைசியில் ஒரு ரியாலிட்டி நிகழ்ச்சியில் சீசன் முழுக்க வந்தார். ஜெயிக்கவில்லை, ஆனால் இப்போது கடைத்தெருவில் நிறுத்தி செல்ஃபி கேட்கிறார்கள். 2025-இல் அவருக்கு மொத்தம் 1,46,000 டாலர் வந்தது: மேடைக் கச்சேரிகளில் 1,10,000, இன்ஸ்டாகிராம் விளம்பரங்களில் 22,000, டிவிக்காரர்கள் தந்தது 12,000, பாட்டுகளிலிருந்து 2,000. பேண்ட், பயணம், மேனேஜர் எல்லாம் சேர்த்து 54,000 செலவு. வங்கியில் 61,000 இருக்கிறது. அதில் 45,000-ஐ முன்பணமாகக் கட்டி வீடு வாங்கலாம் என்கிறார். ஒரு ரெக்கார்டு கம்பெனி 60,000 அட்வான்ஸ் தருவதாகச் சொல்கிறது. மூன்று ஆல்பம், கச்சேரி வருமானத்தில் 20 சதவீதம் அவர்களுக்கு. மேனேஜர் அவருடைய பள்ளி நண்பர், 25 சதவீதம் எடுக்கிறார், எழுத்தில் எதுவும் இல்லை. வரி இன்னும் கட்டவில்லை. மாமியார் நடத்தும் சூசூவில், அதாவது அவர்கள் ஊர்ச் சீட்டில், மாதம் 500 போடச் சொல்கிறார். எதைச் செய்வது, எதை விடுவது?

பதில்: சகோதரி, முதலில் அந்த 61,000-ஐப் பார்த்துவிடுவோம். அது முழுக்க உங்கள் பணம் இல்லை.

உங்கள் சம்பளத்தில் வரி பிடித்தம் போகத்தான் கைக்கு வருகிறது. அவருக்கு வந்த பணத்தில் யாரும் எதுவும் பிடிக்கவில்லை. செலவு போக அவருக்கு நிற்பது 92,000. சொந்தத் தொழில் செய்பவர் சோஷியல் செக்யூரிட்டிக்கும் (அரசு ஓய்வூதியம்) மெடிகேருக்கும் (முதியோர் மருத்துவக் காப்பீடு) முதலாளி பங்கு, தொழிலாளி பங்கு இரண்டையும் தானே கட்ட வேண்டும். அது 15.3 சதவீதம். சட்டப்படி கொஞ்சம் கழித்துக் கணக்குப் போட்டால் சுமார் 13,000 டாலர். இருவரும் சேர்ந்து தாக்கல் செய்தால், உங்கள் சம்பளத்தில் பிடித்தது போக, கூட்டரசு வருமான வரியில் இன்னும் ஏறக்குறைய 10,500 வரும். நியூயார்க் மாநிலமும் நகரமும் சேர்ந்து சுமார் 8,000. ஆகக்கூடி 30,000-லிருந்து 33,000 வரை. உங்கள் படிவங்களைப் பார்க்காமல் இதற்கு மேல் துல்லியமாகச் சொல்ல மாட்டேன், ஆனால் இந்தப் பக்கத்தில்தான் வந்து நிற்கும். அதாவது ஏப்ரல் 15 தாண்டினால் கையில் இருப்பது 29,000 சொச்சம்.

காலாண்டு வரி கட்டாததற்கு அபராதம் வருமே என்று பயப்பட வேண்டாம். 2024-இல் உங்கள் இருவரின் மொத்த வரி எவ்வளவோ, அந்தத் தொகை 2025-இல் உங்கள் சம்பளத்திலேயே பிடிக்கப்பட்டிருந்தால் அபராதம் கிடையாது. போன வருடத்துத் தாக்கலை எடுத்து அந்த ஒரு எண்ணைப் பாருங்கள். டொராண்டோ கார்னிவலுக்குப் போய்ப் பாடியிருந்தால் கனடாவில் 15 சதவீதம் பிடித்திருப்பார்கள், லண்டனில் பாடியிருந்தால் 20 சதவீதம். அதற்கான சீட்டைக் கேட்டு வாங்குங்கள். சும்மா விட்டுவிடுகிற பணம் இல்லை அது. இங்கே வரியில் ஈடுசெய்யவோ, அங்கே தாக்கல் செய்து திரும்பப் பெறவோ வழி இருக்கிறது.

சோகா பாடுகிறவரின் வருமானம் கார்னிவல் காலண்டர்படி வரும். சாம்பல் புதனுக்கு முந்தைய திங்கள், செவ்வாயில் டிரினிடாட், ஆகஸ்ட் தொடக்கத்தில் டொராண்டோ, ஆகஸ்ட் கடைசியில் லண்டன் நாட்டிங் ஹில், செப்டம்பர் முதல் திங்களன்று உங்கள் ஊர் ஈஸ்டர்ன் பார்க்வே, அக்டோபரில் மயாமி. அதோடு ஜனவரி வரை ஏறக்குறைய வறட்சி. கிராமத்தில் அறுவடைக்கு அறுவடை பணம் பார்த்த வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இது புரியும். அதனால் ஒரு தனிச் சேமிப்புக் கணக்கைத் திறந்து, ஒவ்வொரு கச்சேரிக்கும் செலவு போக மிஞ்சுவதில் 35 சதவீதத்தை அன்றைக்கே அதில் போட்டுவிடச் சொல்லுங்கள். ஏப்ரல் 15, ஜூன் 15, செப்டம்பர் 15, ஜனவரி 15 ஆகிய தேதிகளில் அதிலிருந்து வரி போகட்டும்.

வீடு இந்த வருடம் வேண்டாம். 29,000-இல் 45,000 எப்படிக் கட்டுவது என்பது ஒரு பக்கம். சொந்தத் தொழில்காரருக்குக் கடன் தருமுன் வங்கிகள் பொதுவாக இரண்டு வருட வரித் தாக்கலைக் கேட்கும். அவருக்கு நல்ல வருடம் ஒன்றுதான் ஆகியிருக்கிறது. எப்போது வாங்கினாலும், மாதத் தவணை உங்கள் சம்பளத்தில் மட்டுமே கட்டக்கூடியதாக இருக்கட்டும். அவர் பணம் முன்பணத்தைப் பெரிதாக்கப் பயன்படட்டும்.

அடுத்து ஒப்பந்தம். என் மனதை உண்மையில் உறுத்துவது இதுதான்.

அவருடைய வருமானமாக நீங்கள் எழுதிய நான்கு எண்களில் எனக்கு முக்கியமானது கடைசி எண், அந்த 2,000. கச்சேரிக்குக் கூப்பிடுவதும், விளம்பரம் தருவதும், டிவிக்காரர்கள் கொடுத்ததும் அவர் முகம் ஜனங்களுக்கு நினைவில் இருப்பதால். அடுத்த சீசனில் வேறு முகங்கள் வரும். பாட்டு மட்டும்தான் அவர் வீட்டில் தூங்கும்போதும் எங்கோ ஒலித்துக் காசு கொண்டுவரும். கம்பெனி கேட்பதும் அதைத்தான்.

கணக்கைப் பாருங்கள். 60,000 அட்வான்ஸ் என்பது பரிசு இல்லை, அவருடைய ராயல்டியிலிருந்து கழிக்கப்படும் தொகை. ரெக்கார்டிங்குக்கு 25,000, வீடியோவுக்கு 15,000 என்று வைத்துக்கொண்டால் அதையும் அவர் கணக்கில்தான் எழுதுவார்கள். மொத்தம் ஒரு லட்சம். அவர் பங்கு 18 சதவீதம் என்று வைத்தால், ஒரு லட்சம் கழிய பாட்டுகள் கம்பெனிக்கு 5,55,000 டாலருக்கு மேல் சம்பாதித்துக் கொடுத்திருக்க வேண்டும். அதுவரை அவருக்கு அந்த வழியில் ஒரு சென்ட் வராது. இதற்கிடையே கச்சேரியில் 20 சதவீதம். இப்போதைய வருமானத்தில் அது வருடம் 22,000. மூன்றே வருடத்தில் 66,000. அவர்கள் தந்த 60,000-ஐ அவர் தொண்டையாலேயே திருப்பிக் கொடுத்து, மேலே 6,000-மும் போட்டிருப்பார். மாஸ்டர், அதாவது பதிவு செய்த ஒலி, அவர்கள் கையில். 360 ஒப்பந்தம் என்று தொழிலில் இதைத்தான் சொல்கிறார்கள்.

டிவியில் ஜெயித்து, பெரிய கம்பெனி கையில் கிடைத்தாலே எல்லாம் அமைந்துவிடும் என்று யாராவது சொன்னால், டெஸ்ஸான் சின்னை நினைத்துக்கொள்ளுங்கள். ஜமைக்காக்காரர், ரெகே பாடகர் ஜிம்மி கிளிஃபுடன் மேடையில் பின்பாட்டுப் பாடித் தேர்ந்தவர், அருமையான குரல். 2013 டிசம்பரில் அமெரிக்காவில் தி வாய்ஸ் என்ற டிவி பாட்டுப் போட்டியின் ஐந்தாவது சீசனை வென்றார். அடுத்த ஜூலையில் ரிபப்ளிக் என்ற ரெக்கார்டு நிறுவனம் அவர் ஆல்பத்தை வெளியிட்டது. எதிர்பார்த்த அளவு அது போகவில்லை. குரலில் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

உங்கள் கணவர் முன்மாதிரியாக யாரை வைத்துப் பேசுவார் என்று எனக்குத் தெரியும்: ராப் பாடகி கார்டி பி. தப்பில்லை. பிராங்க்ஸில் வளர்ந்தவர், அப்பா டொமினிக்கன், அம்மா டிரினிடாட். லவ் அண்ட் ஹிப் ஹாப் நியூயார்க் என்ற ரியாலிட்டி நிகழ்ச்சியில் 2015 டிசம்பரில் தொடங்கிய சீசனில் வந்தார், அடுத்த சீசனிலும் இருந்தார். ஆனால் அவர் அந்தக் காலத்தை எப்படிப் பயன்படுத்தினார் என்று பாருங்கள். நிகழ்ச்சியில் இருந்துகொண்டே 2016 மார்ச்சில் முதல் மிக்ஸ்டேப்பை (கம்பெனி இல்லாமல் தானே வெளியிடும் பாட்டுத் தொகுப்பு) வெளியிட்டுவிட்டார். அந்த வருடக் கடைசியில், பாட்டில் கவனம் செலுத்த வேண்டும் என்று தானாகவே நிகழ்ச்சியை விட்டார். 2017 தொடக்கத்தில் அட்லாண்டிக் ரெக்கார்டு கம்பெனியுடன் ஒப்பந்தம். அந்தக் கோடையில் வந்த போடாக் யெல்லோ பாட்டு, செப்டம்பர் கடைசியில் அமெரிக்கப் பாட்டுத் தரவரிசையான பில்போர்டு ஹாட் 100-இல் முதலிடம். 2018-இல் முதல் ஆல்பம், 2019-இல் அதற்கு கிராமி. கம்பெனியிடம் போய் உட்காரும்போது அவரிடம் பாட்டும் இருந்தது, அதைக் கேட்கும் கூட்டமும் இருந்தது. அடுத்த ஆல்பம் 2025 செப்டம்பரில்தான் வந்தது. ஏழு வருடத்துக்கு மேல் இடைவெளி! அவ்வளவு பெரிய பெயருக்கு அது தாங்கும். உங்கள் வீட்டுக்காரரின் பெயருக்கு இன்னும் தாங்காது.

அதே கார்டி பி 2018 மார்ச்சில், தன் வரிப்பணமெல்லாம் எங்கே போகிறது என்று கோபமாகக் கேட்டு ஒரு வீடியோ போட்டார், ஊரே பார்த்தது. அடுத்த மாதமே பழைய மேனேஜர் ஒரு கோடி டாலர் கேட்டு வழக்குப் போட்டார். இவர் எதிர்வழக்குப் போட்டார். உங்கள் வீட்டில் இன்றைக்கு மேஜைமேல் இருக்கிற இரண்டு பிரச்சினைகளும் இவைதான்.

மேனேஜர் விஷயத்தை முடித்துவிடுவோம். 15 முதல் 20 சதவீதம்தான் வழக்கம். நண்பர் என்பதால்தான் எழுத வேண்டும். எதில் சதவீதம் என்று முதலில் தெளிவாக்குங்கள்: பேண்டுக்கும் விமானத்துக்கும் கொடுத்தது போக மிஞ்சுவதிலா, மொத்தத்திலா? மொத்தத்தில் 25 என்றால் 36,500 டாலர், உங்கள் 54,000 செலவில் பாதிக்கு மேல். பிரிந்தபிறகு அவர் பங்கு இரண்டு மூன்று வருடத்தில் படிப்படியாகக் குறைந்து நின்றுவிட வேண்டும் என்ற ஷரத்தும் வேண்டும். இந்தப் பேச்சை உங்கள் கணவர்தான் பேச வேண்டும், நீங்கள் பேசினால் நட்பைக் கெடுத்தவர் என்ற பெயர் உங்களுக்கு வரும்.

இனி அந்த 2,000-க்கு வருகிறேன். அது இவ்வளவு சின்னதாக இருப்பதற்குக் காரணம் ரசிகர்கள் கேட்காதது மட்டும் இல்லை என்றே நினைக்கிறேன். பாட்டை விநியோகஸ்தர் மூலம் இணையத்தில் ஏற்றிவிட்டு அதோடு விட்டிருப்பார். ஒரு பாட்டில் இரண்டு சொத்து இருக்கிறது: பாட்டு வரியும் மெட்டும் ஒன்று, பதிவு செய்த ஒலி இன்னொன்று. பாட்டு வரிக்கும் மெட்டுக்கும் காசு வசூலித்துத் தரும் அமைப்புகள் ஆஸ்கேப், பிஎம்ஐ; இரண்டில் ஒன்றில் சேர வேண்டும். ஸ்ட்ரீமிங்கில் பாட்டை எழுதியவருக்கு வரும் மெக்கானிக்கல் ராயல்டிக்கு 2021 முதல் இயங்கும் எம்எல்சியில் பதிய வேண்டும். ஒலிக்கு சவுண்ட்எக்ஸ்சேஞ்ச். இணைய வானொலியும் சாட்டிலைட் வானொலியும் கட்டுகிற பணத்தில் பாதி மாஸ்டர் வைத்திருப்பவருக்கு, 45 சதவீதம் பாடியவருக்கு, 5 சதவீதம் பின்னணிக் கலைஞர்களுக்கு என்று அது பிரித்துத் தருகிறது. பாடியவர் பங்கு அவருக்கே நேராக வரும், கம்பெனி கடனில் கழியாது. ஆனால் சாதாரண எஃப்எம்மில் ஒலித்தால் அமெரிக்காவில் பாடியவருக்கு எதுவும் கிடையாது, எழுதியவருக்குத்தான் காசு. அதனால் எழுதியவர் பட்டியலில் அவர் பெயர் இருக்கிறதா என்பது பெரிய விஷயம்.

சோகாவில் இது சிக்கலானதும்கூட. ஒரு தயாரிப்பாளர் செய்த ரிடிம், அதாவது பின்னணி இசை மீது நாலைந்து பாடகர்கள் ஆளுக்கொரு பாட்டுப் பாடுவார்கள். இசை அவருடையது, வரி இவருடையது. யாருக்கு எத்தனை சதவீதம் என்று ஸ்டூடியோவிலேயே ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். பாட்டு ஓடியபிறகு பேசினால் சண்டைதான் மிஞ்சும். பழைய பாட்டுகளுக்கும் இப்போதே உட்கார்ந்து எழுதிவிடுங்கள். (இந்த இசையை 1970-களில் உருவாக்கிய லார்ட் ஷார்ட்டி, டிரினிடாடில் குடியேறிய இந்தியர்களின் டோலக்கை அந்த ஊர்க் கலிப்ஸோ இசையோடு சேர்த்தவர். உங்கள் வீட்டில் இரண்டு ஊர்த் தாளமும் ஏற்கெனவே உறவுதான்.)

அப்படியானால் கம்பெனியை அனுப்பிவிடலாமா? கதவைச் சாத்த வேண்டாம். ஒரு ஆல்பத்துக்கு மட்டும், மாஸ்டரை விற்காமல் ஐந்து முதல் ஏழு வருட லைசென்ஸாக, கச்சேரியில் பங்கில்லாமல் தர முடியுமா என்று கேளுங்கள். அட்வான்ஸ் 20,000 ஆகக் குறைந்தாலும் அது நல்ல பேரம். இசைத் துறை வழக்கறிஞர் ஒருவரை மணிக்கணக்குக்கு அமர்த்திப் படிக்கச் சொல்லுங்கள், கம்பெனி சிபாரிசு செய்யும் வழக்கறிஞரை வேண்டாம்.

மிஞ்சும் 29,000-இல் 20,000-ஐத் தொடாமல் வையுங்கள், அக்டோபருக்குப் பிறகான வறட்சிக்கு. 6,000-ஐ செப் ஐஆர்ஏ ஓய்வூதியக் கணக்கில் 2025-க்கென்றே ஏப்ரல் 15-க்குள் போடலாம். வரியில் கிட்டத்தட்ட 1,700 குறையும். மீதியில் பதிவுகளும் வழக்கறிஞர் செலவும்.

சூசூவுக்கு என் வாழ்த்து. நம் ஊர்ச் சீட்டேதான், ஏலமும் தள்ளுபடியும் கிடையாது, முறை வைத்து எடுப்பார்கள். பன்னிரண்டு பேர் 500 போட்டால் உங்கள் முறை வரும் மாதம் 6,000 கைக்கு வரும். வட்டி இல்லை, காப்பீடு இல்லை, அம்மாவின் வார்த்தைதான் பிடிமானம். மாதம் தவறினால் தலைகுனிவது அவர்தான். அதனால் அந்த 500 உங்கள் சம்பளக் கணக்கிலிருந்து போகட்டும், முறையை மட்டும் டிசம்பர் மாதத்துக்குக் கேட்டு வாங்குங்கள். கச்சேரி இல்லாத மாதம் அது.